எல்லா அளவிலும் மூன்று சென்டிமீட்டர்

திண்டிவனம்

அன்புள்ள அம்மா,

மாதா உங்களுக்கும் அப்பாவுக்கும் துணையிருப்பாளாக. முட்டத்தில் மழை விட்டதா? மூட்டுவலிக்குத் தைலம் தேய்க்கிறீர்களா? நான் நலம்.

நீங்கள் வேண்டாம் என்ற அந்தப் பழைய டோட்டல் ஸ்டேஷனை விழுப்புரத்தில் வாங்கியே விட்டேன். நிலம் அளக்க இனி எனக்கென்று சொந்தக் கருவி! நேற்று கூட்டேரிப்பட்டில் மனைகளை அளந்தேன். கூட வேலை செய்யும் வெற்றிவேலின் புதுக் கருவி காட்டிய அளவோடு ஒன்றுகூட ஒத்துப்போகவில்லை.

"அப்பவே சொன்னேனே, கெழவியப் போய் வாங்கிக்கினு வந்திருக்கீங்க" என்று சிரித்தார்.

நான் அசரவில்லை. கிட்டே அளந்தாலும் தூரத்தில் அளந்தாலும் வித்தியாசம் அதே மூன்று சென்டிமீட்டர். கெட்டுப்போன கருவி இப்படி ஒரே மாதிரி தப்பு செய்யாது. கருவி விடும் ஒளியைத் திருப்பி அனுப்ப, எதிரே கோல் நுனியில் வைக்கும் பிரிசம் என்ற கண்ணாடி வேறு கம்பெனியுடையது. அதற்கேற்ற எண்ணைக் கருவியில் மாற்ற நான்தான் மறந்திருந்தேன். மாற்றியதும் எல்லாம் பொருந்தியது.

"கெழவி கரெக்டாத்தான் சொல்லுது, நீங்கதான் பேஜாரு பண்ணிட்டீங்க" என்றார் வெற்றிவேல். எனக்குப் பெருமை தாங்கவில்லை.

கருவி வெயிலில் சூடேறினால் அளவு பிசகும். அப்பாவின் கறுப்புக் குடையை அனுப்பி வையுங்கள். மயிலம் பஸ் வந்துவிட்டது, முடிக்கிறேன். குடை இங்கேயும் கிடைக்கும்தான். ஆனால் கருவியை மூடியது போக ஓரத்தில் நானும் நிற்கிற அளவுக்கு அதுதான் பெரியது.

உங்கள் பிரின்சி