நாலாம் பக்கத்தில் மிச்சமிருக்கும் இடம்

சேசு மரி சூசை துணை

சாந்தன்பாறை,
1931 அக்டோபர் 14, புதன்கிழமை.

அன்பு மகன் இன்னாசிராஜுக்கு உன் அப்பா ஆசீர்வதித்து எழுதிக்கொண்டது. சர்வேசுரன் கிருபையால் நானும் உன் அம்மாவும் அவளுடைய முழங்கால் வலியும் மூன்று பேரும் இவ்விடம் சுகமாக இருக்கிறோம். நீ அவ்விடம் சுகமாக இல்லை என்பதை உன் கடிதமே சொல்லிவிட்டபடியால் உன் சுகத்துக்குப் பதில் எழுது என்று கேட்கிற வேலை எனக்கு மிச்சம். ஏலக்காய் இரண்டாம் பறிப்பு நடக்கிறது, அட்டைக்கடி சொல்லி முடியாது, உன் அம்மா காலில் சுண்ணாம்பும் புகையிலையும் அப்பிக்கொண்டு காட்டுக்குப் போய் வருகிறாள். செவலைப் பசு கிடாரிக் கன்று போட்டிருக்கிறது. முதல் சீம்பாலை உன் அம்மா இருதயம்மாள் வீட்டுக்குத்தான் கொடுத்தனுப்பினாள், நாளைக்குச் சம்பந்தி ஆகிறவள், புருஷன் இல்லாமல் ஒற்றைப் பெண் சிசிலியை வளர்த்தவள், அவள் வீட்டுக்குத்தான் முதலில் போகவேண்டும் என்றாள். நவம்பர் ஒன்பதாம் தேதிக் கல்யாணத்துக்கென்று போடியில் வாங்கிய அரிசியும் பொதிக்கழுதை மேல் ஏறி வந்து சேர்ந்துவிட்டது. அரிசி வந்த மறுநாள்தான் உன் கடிதமும் வந்தது.

போன புதன்கிழமை தபால்காரன் கொடுத்தான், அன்றைக்கே மூன்று தடவை வாசித்தேன். உன் அம்மாவுக்கு எழுத்துத் தெரியாதே, வாசித்துக் காட்டுங்கள் என்று பக்கத்தில் வந்து உட்கார்ந்தாள். மகன் மனசு குழம்பியிருக்கிறான், முழுவதும் நாளைக்குச் சொல்கிறேன் என்றேன், மறுநாள் ஒன்றும் மறைக்காமல் சொல்லவும் செய்தேன். கொஞ்ச நேரம் அழுதாள். பிறகு மூக்கைச் சிந்திவிட்டு, பிள்ளைக்கு வயித்துல ஒண்ணுமில்ல, அதான் ஒலகத்துலயும் ஒண்ணுமில்லன்னு எழுதுறான், மொதல்ல அந்த ஓட்டல்காரன் சோத்த விடச் சொல்லுங்க என்றாள். அவள் சொன்னதை அப்படியே எழுதியிருக்கிறேன், உனக்குச் சிரிப்பு வந்தால் சந்தோஷம். எனக்குச் சிரிப்பு வரவில்லை. நீ என்ன எழுதியிருக்கிறாய்? மெட்ராசில் நான் வேலை பார்க்கிற அச்சாபீஸில் காலையில் வேதம் மெய் என்று ஒரு புத்தகம், மத்தியானம் வழுக்கையில் மயிர் முளைக்கும் தைலத்துக்கு விளம்பரம், சாயங்காலம் கடவுளே இல்லை என்று ஒரு துண்டுப் பிரசுரம், மூன்றுக்கும் ஒரே ஈய எழுத்து, ஒரே மை, மூன்றையும் பிழை திருத்துகிறவன் நான் ஒருவனே, ஆகையால் மெய் என்று ஒன்றுமில்லை, பிழைப்புக்கு அர்த்தம் என்று ஒன்றுமில்லை, எல்லாம் சைபர் என்று எழுதியிருக்கிறாய். அதோடு நிறுத்தினாயா? விசுவாச மந்திரம் சொல்ல வாய் வராத நான் பீடத்துக்கு முன் நின்று சிசிலிக்குத் தாலி கட்டுவது மோசடி, அதனால் எனக்குச் சயரோகம் என்று சுவாமியாரிடம் சொல்லிக் கோவிலில் வாசிக்கிற கல்யாண ஓலையை நிறுத்திவிடுங்கள், மெய்யே இல்லாதபோது இந்த ஒரு பொய்யால் யாருக்கு என்ன நஷ்டம் என்றும் எழுதியிருக்கிறாய். அட மடையா, மெய் என்று ஒன்று இல்லாவிட்டால் பீடத்துக்கு முன் நின்று பொய் சொல்ல உனக்கு ஏன் வாய் வரவில்லை? தைல விளம்பரம் சொல்லுகிறவனைப்போல நீயும் சொல்லிவிட்டுப் போகலாமே! உனக்குத் தொண்டையில் எது அடைக்கிறதோ அதை முதலில் என்னவென்று பார். சயரோகம் என்று நான் சொல்லியிருந்தால் உன் அம்மா முழங்கால் வலியோடு மலையிறங்கி மெட்ராசுக்கு நடந்தே கிளம்பியிருப்பாள், அந்த நஷ்டத்தையும் நீ யோசிக்கவில்லை.

நான் பெரிய படிப்புப் படித்தவனில்லை. தோட்டத்து ஆபீஸ் வேலையும், பதினாறு வருஷமாகக் காலை எட்டு மணிக்கு மழை அளக்கிற வேலையுந்தான் எனக்குத் தெரிந்தது. மாசி பங்குனியில் தொடர்ந்து நாற்பது நாள் மழை இராது. அந்த நாற்பது நாளும் நான் மேடு ஏறிப் போய், செப்புப் புனலைத் தூக்கிவிட்டு உள்ளே இருக்கிற குப்பியை எடுத்துக் கவிழ்த்துப் பார்த்தபிறகுதான் மழைப் புத்தகத்தில் சைபர் எழுதுவேன். வானந்தான் வெறிச்சுனு கெடக்கே, வீட்ல இருந்தே எழுதுனா ஆகாதா அய்யா என்று சோலைக் கங்காணி என்னைக் கேலி பண்ணுவான். ஆகாது. ஒரு சொட்டுச் சத்தமும் கேளாத ராத்திரிக்குப் பிறகு குப்பியில் தண்ணீர் இருந்ததை நான் இரண்டு தடவை கண்டிருக்கிறேன். சைபர் எழுதுவதானாலும் போய்ப் பார்த்துவிட்டுத்தான் எழுதவேண்டும் இன்னாசி. நீ எங்கே போய்ப் பார்த்தாய்? அச்சாபீஸ் நாற்காலியில் உட்கார்ந்து எல்லாம் சைபர் என்று எழுதியிருக்கிறாய்.

இன்னொன்றும் சொல்லுகிறேன், இதை உன் அம்மாவிடம்கூட முழுக்கச் சொன்னதில்லை. ஏழு வருஷத்துக்கு முன், மலையாளத்தார் தொண்ணூற்றொன்பதாம் ஆண்டு வெள்ளப்பொக்கம் என்கிற பெருவெள்ளத்தின்போது நீ திருச்சினாப்பள்ளியில் போர்டிங்கில் இருந்தாய். ஆற்று மரப்பாலம் போய்விட்டது, மழைக் குப்பி அக்கரையில், மூன்று நாள் யாரும் அங்கே போக வழியில்லை. கூலிக்காரர் வீட்டு வரிசையில் கீழ் லயம் மண்ணோடு சரிந்து ஏழு பேர் போனார்கள், உனக்கு மீன் பிடிக்கக் கற்றுக்கொடுத்த பொன்ராஜும் அதிலே ஒருவன் என்பது உனக்குத் தெரியும். உனக்குத் தெரியாதது, நான் அந்தச் சேற்றில் மண்வெட்டியோடு நின்று, நீர் இருக்கிறீரா இல்லையா என்று சர்வேசுரனை வாய்விட்டுக் கேட்டது. பதில் வரவில்லை. வெள்ளம் வடிந்து போய்ப் பார்த்தால் குப்பி நிரம்பி வழிந்து கிடக்கிறது, எந்த நாள் எத்தனை அங்குலம் என்று எவனாலும் சொல்ல முடியாது. ஆனால் புத்தகத்தில் மூன்று வரி வெறுமையாக இருப்பதைப் பார்க்கச் சகிக்காமல் ஆறு, ஏழரை, ஐந்து என்று முத்துமுத்தான கையெழுத்தில் எழுதிவைத்தேன். இரண்டு வருஷம் கழித்துப் புதுப்பாலம் கட்ட வந்த எஞ்சினீயர் அந்த மூன்று வரியையும் பென்சிலால் குறித்துக்கொண்டிருந்தார், என் பொய்க்கு மேல் அல்லவா பாலம் போடப் போகிறார், நம் பெண்கள் காய்க்கூடையோடு அதன்மேல் நடக்க வேண்டுமே! அங்கேயே சொல்லிவிட்டேன். துரை கத்தினார், வேலை போயிற்று என்றே நினைத்தேன். எஞ்சினீயர் கத்தவில்லை, அந்த எண்களை அடித்துவிட்டுத் தெரியாது என்று எழுதும் என்றார், பாலத்தையும் இரண்டு முழம் உயர்த்திக் கட்டினார். இன்றைக்கும் அதன்மேல்தான் நடக்கிறோம். பதினாறு வருஷப் புத்தகத்தில் என்னை வெட்கப்படாமல் இருக்கச் செய்வது அந்தத் தெரியாது என்கிற மூன்று வரிதான். சேற்றில் நின்று கேட்ட கேள்விக்கும் நான் இன்றுவரை அதையே எழுதி வைத்திருக்கிறேன், எழுதி வைத்துக்கொண்டே ஞாயிறு தவறாமல் பூசைக்கும் போகிறேன். நீயும் தெரியாது என்று எழுதியிருந்தால் நான் உன்னைக் கட்டிக்கொண்டிருப்பேன். சைபர் என்று எழுதினாயே, அதுதான் எனக்குக் கோபம்.

இனி நான் செய்ததைக் கேள், கோபம் வந்தால் கோபித்துக்கொள். சுவாமியாரிடம் சயரோகம் என்று சொல்லவில்லை. உன் கடிதத்தை எடுத்துப்போய் சிசிலி கையிலேயே கொடுத்தேன். அவள் சங்கதி அவளுக்குத் தெரியாமல் முடிவாவதில் எனக்குச் சம்மதமில்லை. ஏலக்காய் ஸ்டோரில் பாயில் உட்கார்ந்து காய் தரம் பிரித்துக்கொண்டிருந்தாள், கையை முந்தானையில் துடைத்துக்கொண்டு வாங்கி, இரண்டு தடவை நிதானமாக வாசித்தாள். அழுவாள் என்று நினைத்தேன், அழவில்லை. சாமி இல்லங்காரு, ஆத்துமா இல்லங்காரு, நாலு பக்கத்துல ஒலகத்துல உள்ளதெல்லாம் இல்லன்னு எழுதிட்டாரு மாமா, ஆனா என்னைய வேண்டாம்னு ஒரு எடத்துலயும் எழுதலியே, அந்த ஒரு வரி எழுதிருந்தா எல்லாம் அன்னைக்கே முடிஞ்சிருக்குமே என்றாள். வீட்டுக்கு வந்து நாலு பக்கத்தையும் திரும்ப வாசித்தேன். அவள் சொன்னது சரிதான். அப்பனை ஒரு பொய் சொல்லச் சொன்ன உனக்கு அவளை வேண்டாம் என்கிற பொய்யை எழுதக் கை வரவில்லை.

சனிக்கிழமை அவளும் நானுமாகச் சுவாமியாரைப் பார்த்து உள்ளதை உள்ளபடி சொன்னோம். விசுவாசம் தள்ளாடுகிறவனுக்கெல்லாம் கதவைச் சாத்துவதானால் முதலில் நான் வெளியே போகவேண்டும் என்று அவர் சிரித்தார். சாதாரணமாக ஓலை வாசித்துவிடலாம் என்றும் சொன்னார், சிசிலிதான் மறுத்தாள், அவர் வாயால பதில் வரட்டும் சாமி, அதுவரைக்கும் வாசிக்க வேண்டாம் என்றாள். மூன்று ஞாயிறு வாசிக்கவேண்டியதில் முதல் ஓலை நாலாம் தேதி வாசித்து, இரண்டாம் ஓலை வாசிக்காமல் நின்றால் இந்த மலையில் என்ன பேசுவார்கள் என்று உனக்கு நான் சொல்லவேண்டியதில்லை. ஞாயிற்றுக்கிழமை அவள் பெயர் வராததும் கோவிலே திரும்பி அவளைப் பார்த்தது. பெண்ணுக்கு வலிப்பு என்று ஒரு லயத்திலும், வேறு எதுவோ என்று இன்னொரு லயத்திலும் பேசுகிறார்கள், இருதயம்மாள் மூன்று நாளாக வீட்டை விட்டு வெளியே வரவில்லை. சிசிலி மட்டும் தலை குனியாமல் கடைசிப் பாட்டுவரை பாடிவிட்டுத்தான் எழுந்தாள். அர்த்தம் இல்லை என்று நீ அங்கே எழுதியதன் பாரத்தை இங்கே அவள் சுமக்கிறாள், இதையாவது மெய் என்று ஒப்புக்கொள்.

ஆகையால் சர்வேசுரன் உண்டா இல்லையா என்று எனக்கு எழுதவேண்டாம், அதற்கு ஆயுசு முழுவதும் இருக்கிறது. சிசிலி வேண்டுமா வேண்டாமா, அதை மட்டும் உள்ளே போய்ப் பார்த்துவிட்டு எழுது. வேண்டாம் என்பதுதான் மெய்யானால் கோவில் நடுவில் நின்று குற்றம் என் மகனுடையது, பெண்ணுடையது இல்லை என்று நானே சொல்லுவேன், எனக்கு அதற்குத் தைரியம் உண்டு. வேண்டும் என்றால் கிளம்பி வா, விசுவாச மந்திரத்தில் வாய் வருகிறமட்டும் சொல், மீதியைப் பற்றிச் சுவாமியாரிடம் நேரே பேசு. இருபத்தைந்தாம் தேதி ஞாயிற்றுக்குள் தெரிந்தால் மிச்ச இரண்டு ஓலைக்கும் நாள் இருக்கிறது. என் மகன் போய்ப் பார்த்தால் சரியாகத்தான் எழுதுவான் என்பதில் எனக்குச் சந்தேகமே கிடையாது.

சனிக்கிழமை எண்ணெய் தேய்த்துக் குளி. மழையில் நனைந்து ஆபீஸ் போகாதே. ஓட்டலை மாற்று, இது உன் அம்மா உத்தரவு. சர்வேசுரனும் தேவமாதாவும், அவர்கள் இல்லை என்று நீ சொன்னாலும் சரி, உன்னைக் காப்பார்களாக.

உன்னுடைய நாலு பக்கத்தையும் இத்துடன் திருப்பி வைத்திருக்கிறேன், தொலைத்துவிடாதே. நாலாம் பக்கத்தில் உன் கையெழுத்துக்குக் கீழே பாதி இடம் வெறுமையாக இருக்கிறது. வேற காகிதம் வேண்டாம் மாமா, அவரு பதில அங்கனயே எழுதட்டும் என்றாள் சிசிலி. திருப்பி அனுப்பத் தபால் தலையும் அவளே வாங்கிக் கொடுத்தாள், உள்ளே இருக்கிறது பார்.

இப்படிக்கு,
உன் அப்பா,
ம. அமிர்தநாதன்.