மூன்றடிச் சந்து

ஏப்ரல் 6

அன்புள்ள சின்னவளுக்கு,

அண்ணி எழுதுவது. நேரில் வர முகமில்லை. வக்கீல் குமாஸ்தாவிடம் கொடுத்தனுப்புகிறேன். எழுத்துக் கூட்டித்தான் எழுதுகிறேன், தப்பிருந்தால் பொறுத்துக்கொள்.

உன் அண்ணன் போய் இரண்டு மாதமாகிறது. இன்னமும் அவர் பாயையும் சேர்த்து விரித்துவிட்டு, பிறகு சுருட்டி வைக்கிறேன். அவரைத் தூக்கும்போது நீ தெருக்கோடியில் நின்றாய். பார்த்தேன். உள்ளே கூப்பிட வாய் எழவில்லை.

உன் அப்பீலில் அவர் இடத்தில் இப்போது என் பேரைச் சேர்த்திருக்கிறார்களாம். எனக்குச் சண்டை வேண்டாம். என் வீட்டுப் பக்கத்து மூன்றடிச் சந்தை உன் வீட்டுக்கு வழியாக விட்டுவிடுகிறேன். அவர் கட்டிய சுவரை நானே இடிக்கிறேன். சமரச மனுவில் நாம் இரண்டு பேரும் கையெழுத்துப் போட்டால் வழக்கு முடிந்துவிடும் என்கிறார் வக்கீல்.

கீழ்க் கோர்ட்டில் சாட்சிக் கூண்டில் ஏறி, "அங்க வழியே இருந்ததில்லீங்க" என்று சொன்னேன். நான் பிரசவ வலியில் கிடந்தபோது நீ வெந்நீர் தூக்கிக்கொண்டு ஓடி வந்தது அந்த வழியில்தான். நான் சொன்னது பொய் என்று மனுவிலேயே எழுதச் சொன்னேன். வக்கீல் தலையில் அடித்துக்கொண்டார். "ஏம்மா, சமரசம்னா ரெண்டு பேரும் வாயை மூடிக்கிறது. நீங்க இப்பத்தான் திறக்குறீங்க!" நீ சொன்னால் எழுதுவார்.

உன் அண்ணி

ஏப்ரல் 11

அண்ணிக்கு,

மனுவைப் படித்தேன். சம்மதம். அந்த வரி வேண்டாம். கோர்ட்டுக் காகிதக் கட்டுக்குள் தூங்கப்போகிற தாளை யார் படிப்பார்கள்?

கீழ்க் கோர்ட்டில் தோற்ற நாளிலிருந்து தெருவில் எனக்குப் பேர் 'புளுகுத் தையல்காரி'. "அளவாச்சும் நெசமா எடுப்பியா?" என்று கேட்டுவிட்டுத்தான் துணியைக் கொடுக்கிறார்கள். பாதிப் பேர் கொடுப்பதும் இல்லை. பொய்யை ஜட்ஜிடம் சொன்னீர்கள். அது வந்து உட்கார்ந்தது என் வாசலில்.

அண்ணன் சொல்லிக்கொடுத்துத்தான் சொன்னீர்கள், தெரியும். சொன்ன வாய் உங்களுடையது.

நாத்தனார்

ஏப்ரல் 28

சின்னவளுக்கு,

நேற்று ஜட்ஜ் "சம்மதம்தானா?" என்றார், தலையாட்டினோம். ஆறு வருஷச் சண்டை ஒரு தும்மல் போடும் நேரத்தில் முடிந்தது. நீ என் பக்கம் திரும்பாமலே படியிறங்கிப் போனாய்.

இன்று காலை குழாயடியில் குடத்தை வைத்துவிட்டு எல்லார் காதிலும் விழச் சொன்னேன். "சந்துல வழி இருந்துச்சு. கோர்ட்ல நான்தான் பொய் சொன்னேன். சின்னவ சொன்னதுதான் நெசம்."

பால்காரர் மனைவி, "புருஷன் போனப்புறம்தான் ஞாபகம் வருதாக்கும்?" என்றாள். எல்லாரும் சிரித்தார்கள். உன் அண்ணன் மேல் பழியைப் போட்டுத் தப்பிக்கிற பேச்சு நாக்கு நுனி வரை வந்தது. "அவரு இருந்தப்பவும் ஞாபகம் இருந்துச்சு" என்றேன். யாரும் சிரிக்கவில்லை. தண்ணீர் பிடிக்காமலே வந்துவிட்டேன்.

சுவரை இடித்தாயிற்று. நீ போகவர என் முகம் உன் கண்ணில் படாமலிருக்கச் சந்துப் பக்கக் கதவைச் சாத்தியே வைத்திருக்கிறேன்.

அண்ணி

மே 9

அண்ணிக்கு,

நீங்கள் கதவைச் சாத்தினால் உங்கள் விளக்கு வெளிச்சம் விழாமல் பொழுது சாய்ந்ததும் சந்து இருட்டாக இருக்கிறது. துணி கொண்டுவருகிறவர்கள் தடுக்கி விழுகிறார்கள். திறந்தே வையுங்கள்.

பேச்சு இப்போதைக்கு வேண்டாம்.

நாத்தனார்