பிரெஞ்சுப் பாட்டுக்காரியின் மூச்சு

உன் ஹெட்போனின் பஞ்சு உதிரத் தொடங்கிவிட்டது. இன்று காலை கழற்றியபோது காதெல்லாம் கறுப்புத் துகள். செத்தவீடு முடிந்து உன் அம்மா, "நீயே வச்சிரு தம்பி" என்று தந்தது. வேண்டாம் என்று சொல்ல வாய் வரவில்லை. எத்தனையோ நாள் ஆசைப்பட்ட சாமான்.

உண்மையைச் சொல்கிறேன். உன்மேல் எனக்குப் பொறாமை. வெள்ளவத்தையில் உனக்குக் கதவு சாத்தக்கூடிய ஓர் அறை இருந்தது. பாரிஸிலிருந்து பிரெஞ்சு பாப் சீடி அனுப்ப ஓர் அண்ணன் இருந்தார். முகத்துவாரத்தில் எங்கள் வீட்டில் ஆறு பேருக்கும் ஒரே அறை. பக்கத்து வீட்டு டிவி எங்கள் வீட்டுக்குள்தான் ஓடும். ஃபோனில் இறக்கிய, சுருக்கிய எம்பித்ரீ பாட்டே எனக்குப் போதுமாக இருந்தது.

"ஒரு சொல்லும் விளங்காத பாட்டுக்கு ஏன்டா இவ்வளவு பெரிய ஃபைல்?" என்று, சீடியைச் சுருக்காமல் அப்படியே கம்ப்யூட்டரில் ஏற்றிக்கொண்டிருந்த உன்னிடம் கேட்டேன்.

"விளங்காததாலதான் மச்சான். எங்களுக்குப் பாடுறவளின்ர குரல் மட்டும்தானே மிச்சம். மைக்குக்குக் கிட்ட வந்து குசுகுசுக்கிறாள். சுருக்கினா முதல்ல போறது அந்த மூச்சுத்தான்."

வசதி உள்ளவனின் பீற்றல் என்று நினைத்தேன். சத்தமில்லாத வீட்டில் இருப்பவனுக்குத்தானே மூச்சுக் கேட்கும்? உன் காது பொய் என்று காட்டவேண்டும் போலிருந்தது. உன்னிடம் இல்லாத ஆல்பம் ஒன்றின் எம்பித்ரீயை எடுத்து, ஒன்றையும் வெட்டாத லாஸ்லெஸ் ஃபைல் போல மாற்றினேன். அளவு நாலு மடங்கு ஊதியது. உள்ளே இருந்தது அதே சுருங்கிய பாட்டு. நீ புகழ்ந்ததும் கூட்டாளிகள் முன்னால் உன் மானத்தை வாங்கலாம் என்று பென் டிரைவில் கொண்டுவந்தேன்.

அரை நிமிடம்தான் கேட்டாய்.

"டேய், இது எம்பித்ரீயை ஊதிப் பெருப்பிச்சது. மூச்செடுக்கிற இடமெல்லாம் தண்ணிக்குள்ள கேக்கிற மாதிரிக் கிடக்கு. பாவம், ஆரோ போலியைத் தந்து உன்னைப் பேய்க்காட்டிப் போட்டாங்கள்."

கூட்டாளிகள் என்னைப் பார்த்துச் சிரித்தார்கள். நீ சிரிக்கவில்லை. அடுத்த மாதம் அதே ஆல்பத்தின் சீடியை அண்ணனைக் கொண்டு எடுப்பித்து, "நீ ஆசைப்பட்டதெல்லே" என்று என் கையில் வைத்தாய். உண்மையை அப்போதே சொல்லியிருக்கலாம். எரிச்சலில் வாயைத் திறக்கவில்லை. பிறகு டெங்கு வந்தது. ஒன்பது நாளில் நீ இல்லை.

இப்போது எனக்கும் கேட்கிறது. எந்தப் பாட்டைப் போட்டாலும் மூச்சு எங்கே அறுந்திருக்கிறது என்று காது தேடுகிறது.

என்னை ஒருவரும் பேய்க்காட்டவில்லை, மச்சான். நான்தான் உன்னைப் பேய்க்காட்ட வந்தனான். நேரில் சொல்லியிருந்தாலும் நீ பெரிதாக எடுத்திருக்க மாட்டாய். அதுதான் எனக்கு இன்னும் ஆறவில்லை. உனக்கிருந்த வசதி எனக்கு இருந்திருந்தால் நானும் உன்னைப் போல நல்லவனாக இருந்திருப்பேன் என்று எனக்கு நானே சொல்லிப் பார்க்கிறேன். நம்ப முடியவில்லை.