நஸ்ரீனின் இடது கண்

ஜூலை 6, ஞாயிறு

காலையிலேயே நல்ல வெயில். கோவில்பதாகை கிரவுண்டில் கிரிக்கெட். போயிருக்கவே வேண்டாம்.

நஸ்ரீன் பந்து போட்டாள். நான் நேராக அடித்தேன். அவள் குனிவதற்குள் இடது கண்ணில். கனமான டென்னிஸ் பந்து. அவள் கத்தவில்லை, அப்படியே உட்கார்ந்துவிட்டாள். முகத்திலிருந்து கையை எடுக்கச் சொன்னால் எடுக்கவில்லை.

"மாலா, எல்லாம் பொகையா கீதுடி."

அவ்வளவுதான் சொன்னாள்.

அவள் வீட்டுக்காரர் பஷீர் அண்ணன் ஷேர் ஆட்டோவோடு வந்தார். கண் ஆஸ்பத்திரி வரை ஒரு வார்த்தை பேசவில்லை. டாக்டரம்மா பார்த்துவிட்டு, கண்ணுக்குள் ரத்தம் கட்டியிருக்கிறது என்றார். தானாகக் கரையலாம். கண்ணின் பிரஷர் ஏறினால் ஆபரேஷன். தலையை உயர்த்தி வைத்துப் படுக்க வேண்டும், குனியக் கூடாது, சொட்டு மருந்து. பார்வை முழுதாகத் திரும்புமா என்று கேட்டேன். "இப்ப சொல்ல முடியாதும்மா."

மட்டையைக் கட்டிலுக்கு அடியில் தள்ளிவிட்டேன்.

ஜூலை 7, திங்கள்

வேலைக்குப் போனேன். அம்பத்தூர் எஸ்டேட், பாக்கிங் செக்‌ஷன். ஒரே பெட்டிக்கு இரண்டு முறை டேப் ஒட்டினேன். சூப்பர்வைசர் பார்த்தும் பார்க்காதது மாதிரி போனார்.

நஸ்ரீனுக்கு ஆரி வேலை. கல்யாண பிளவுஸில் ஜரிகையும் பாசியும் வைத்துத் தைப்பது. பூந்தமல்லியில் அவள் கைக்கு அவ்வளவு பேர். அந்த வேலைக்குக் கண்தான் முதல். இது எனக்கு நன்றாகத் தெரியும். தெரிந்ததால்தான் இன்று சோறு இறங்கவில்லை.

பள்ளியில் படிக்கும்போது எங்கள் பக்கத்தில் முதன்முதலாகப் பெண்கள் புட்பால் டீம் ஆரம்பித்தார்கள். அதில் நாங்கள் இரண்டு பேர். நான் கோலுக்கு முன்னால் தடுக்கும் ஸ்டாப்பர், அவள் ஓரமாக ஓடும் விங். முட்டி தெரியக் கூடாது என்று வீட்டில் சொன்னதால் அவள் மட்டும் முழுப் பேன்ட். அதோடுதான் ஓடுவாள், ஒருத்தியாலும் பிடிக்க முடியாது. கிரிக்கெட் அப்புறம் வந்தது. ஞாயிற்றுக்கிழமை பையன்களுக்கு ஆள் குறைந்தால் எங்களைக் கூப்பிடுவார்கள். அப்படித் தொற்றிக்கொண்டது. இன்றைக்கு நாங்கள் பெண்களே தனியாக ஆடுகிறோம். இதை எதற்கு எழுதுகிறேன் என்று தெரியவில்லை. வேறு எதையும் நினைக்க முடியவில்லை.

ஜூலை 8, செவ்வாய்

மோசமான நாள். காலையில் நஸ்ரீனுக்குக் கடுமையான கண் வலி, வாந்தி. மறுபடி ஆஸ்பத்திரி. உள்ளே மீண்டும் ரத்தம் கசிந்திருக்கிறதாம், பிரஷர் ஏறியிருக்கிறது. மாத்திரை, இன்னொரு சொட்டு மருந்து. குறையாவிட்டால் ரத்தத்தைக் கழுவி எடுக்க வேண்டும் என்றார்கள்.

லீவு சொல்லிவிட்டுப் போனேன். வராந்தாவில் அவள் அம்மா. நான் எதிரில் நின்றேன், உட்காரத் துணிச்சல் இல்லை.

"இன்னாம்மா நின்னுகினே கீறே? வந்து குந்து."

"அம்மா, என்னாலதான்…"

"நீ வோணும்னா அடிச்சே? எனக்குத் தெரியாதா உங்க ரெண்டு பேரையும்? துவா செய்றேன். நீயும் உங்க சாமிகிட்ட கேளு."

கழிவறைக்குப் போய் அழுதுவிட்டு வந்தேன். பஷீர் அண்ணன் அப்போதும் பேசவில்லை. சுவரையே பார்த்துக்கொண்டு இருந்தார்.

ஜூலை 9, புதன்

சாயங்காலம் மழை. ஆவடி ஸ்டேஷன் வெளியே முழங்கால் தண்ணீர்.

பிரஷர் கொஞ்சம் இறங்கியிருக்கிறது. கொஞ்சம்தான். ஆனால் ஆபரேஷன் பேச்சை டாக்டரம்மா இன்று எடுக்கவில்லை. நஸ்ரீன் ஆஸ்பத்திரிக் கட்டிலில் சாய்ந்து, கண் மேல் பிளாஸ்டிக் மூடியோடு.

"ஒத்தக் கண்ணுல உன் மூஞ்சப் பாக்கவே சகிக்கல. சிரிடி."

சிரிக்க வரவில்லை. கிளம்பும்போது வாசலில் பஷீர் அண்ணன்.

"சாப்ட்டியாம்மா?"

இல்லை என்றேன். எதிர்க்கடையில் பரோட்டா வாங்கிக் கொடுத்தார். நான் சாப்பிட்டு முடிக்கும்வரை நின்றார். பிறகு சொன்னார்: "உன் மேல கோவம் இல்ல. பயந்துட்டேன், அவ்ளோதான். பேசுனா அழுதுருவேன்னு இருந்துச்சு."

பரோட்டா நன்றாக இருந்தது. மூன்று நாளில் முதல் முறையாக ருசி தெரிந்தது.

ஜூலை 11, வெள்ளி

ரத்தம் முக்கால்வாசி கரைந்துவிட்டது!! பிரஷர் நார்மல். வேலையில் இருக்கும்போது போன் வந்தது. பெட்டிகளுக்கு நடுவே உட்கார்ந்துவிட்டேன். பக்கத்து மேசை கலா, "இன்னாக்கா, நல்ல சேதியா?" தலையை மட்டும் ஆட்டினேன்.

பார்வை எவ்வளவு என்று ஞாயிறு சொல்வார்களாம்.

நாளை புட்பால், கொரட்டூர் டீமோடு. வர மாட்டேன் என்று சொல்லியிருந்தேன். நஸ்ரீனுக்கு எப்படியோ தெரிந்து போனில் திட்டு.

"நீ போவலன்னா நா இந்தக் கண்ண மூடிகினே கெடப்பேன். ஒளுங்கா போயி ஆடு."

ஜூலை 12, சனி

0-3. மூன்று கோலும் என் பக்கத்திலிருந்து. எந்த ஒரு பந்தையும் தலையால் முட்டவில்லை, ஒதுங்கினேன். இரண்டாம் பாதியில் ஒருமுறை மட்டும் என்னை மறந்து குதித்து முட்டினேன். வலித்தது. நன்றாக இருந்தது.

நஸ்ரீனிடம் போனில் சொன்னேன். "மூணா? த்தூ," என்றாள். அவள் அப்படித் துப்பியதும் எனக்குத் தூக்கம் வந்துவிட்டது. எட்டு மணிக்கே படுக்கை. துணி துவைக்கவில்லை. நாளைக்கு.

ஜூலை 13, ஞாயிறு

மூடியை எடுத்துவிட்டு எழுத்துப் பலகையைப் படிக்கச் சொன்னார்கள். மேல் வரி, அடுத்தது, அடுத்தது. நான் கதவோரம். கடைசிக்கு முந்தின வரியில் தடுமாறினாள். கண்ணைச் சுருக்கினாள். அதையும் படித்தாள். கடைசி வரியையும். பஷீர் அண்ணன் கைக்குட்டையை எடுத்துக்கொண்டு வெளியே போய்விட்டார்.

டாக்டரம்மா: கண்ணுக்குப் பாதிப்பு இல்லை. கொஞ்ச நாளைக்கு ஓட்டம் வேண்டாம். ஆரி வேலை மெதுவாக ஆரம்பிக்கலாம். அவ்வப்போது பிரஷர் மட்டும் பார்த்துக்கொள்ள வேண்டும்.

அண்ணன் ஆட்டோவில் வரச் சொன்னார். நான் பஸ்ஸில் போகிறேன் என்றதும் நஸ்ரீனும் ஸ்டாப் வரை கூட வந்தாள். கறுப்புக் கண்ணாடி போட்டு, பெரிய மனுஷி மாதிரி. தூரத்தில் ஒரு பஸ். கையைக் காட்டிக்கொண்டே ரோட்டுக்கு இறங்கினேன்.

"எங்கடி ஓடுறே? அது ஆவடி இல்ல. தாம்பரம்."

நின்று பார்த்தேன். எனக்கு போர்டே தெரியவில்லை. வெறும் வெளிச்சமாகத் தெரிந்தது. கிட்டே வந்த பிறகு பார்த்தால் தாம்பரம்தான்.

அவள் கண்ணாடியை மூக்குக்குக் கீழே இறக்கி என்னையே பார்த்தாள். பிறகு என் கையைப் பிடித்துத் திரும்ப ஆஸ்பத்திரி பக்கமே இழுத்துக்கொண்டு போனாள்.