வெந்நீர் தவறிக் கொட்டவில்லை

திருமயம்
12.8.2024

அன்புத் தம்பி திருமுருகனுக்கு,

அக்கா சுகுணா எழுதுகிறேன். நீயும் சிவரஞ்சனியும் பிள்ளைகளும் சுகமாக இருக்க வேண்டும். இங்கே எனக்கும் என் மகள் சுடர்விழிக்கும் உடம்புக்கு ஒன்றுமில்லை. மனசுதான் ஆறவில்லை. போன் பண்ணினால் ஷூட்டிங் என்று வைத்துவிடுகிறாய். அதனால் எழுதுகிறேன்.

முப்பத்தைந்து வருஷமாக எழுதுகிறாய். பதினொரு படத்துக்கு வசனம், அப்புறம் டிவி, இப்போது சொந்தக் கம்பெனி வைத்து நீயே தயாரிக்கிறாய். திரையில் உன் பெயர் வந்து போகும்வரை நான் இடத்தை விட்டு எழுந்ததில்லை. ஓடாத படத்தைக்கூட நல்ல படம் என்று ஊரெல்லாம் சொல்லியிருக்கிறேன்.

உன் புது சீரியலில் கனகம் கடற்கரை ஊரில் வாழ்க்கைப்பட்டவள் என்றதுமே எனக்குத் தெரிந்துவிட்டது. கைக்குழந்தையோடு வெளியேறியதும், சத்துணவு அமைப்பாளர் வேலை பார்த்து மகளைப் படிக்க வைத்ததும் என் கதைதான். ஒரு வார்த்தை கேட்டிருக்கலாம். தம்பிதானே என்று விட்டேன்.

ஆனால் வெந்நீர் தவறிக் கொட்டியது என்று எப்படிடா எழுதினாய்? அன்றைக்கு உன் முதல் கதை வந்த பத்திரிகையைப் படித்துக்கொண்டிருந்தேன். என் வீட்டுக்காரர் கூப்பிட்டது காதில் விழவில்லை. வெந்நீரைப் பாத்திரத்தோடு எடுத்து என் கையில் ஊற்றினார். உனக்குத் தெரியாதா? கனகத்தையோ முப்பத்தைந்து வருஷம் கழித்துப் புருஷன் வீட்டுக்கே திரும்பிப் போய், அவன் காலில் விழுந்து, தப்பு என்மேல்தான் என்று அழ வைத்துவிட்டாய்.

போன வியாழக்கிழமை கட்டுமாவடியிலிருந்து அவருடைய தம்பி மலையாண்டி காரில் வந்தார். அண்ணனுக்குப் பக்கவாதமாம், பார்க்க ஆளில்லையாம். "மதினி, ஒங்க தம்பியே டிவில நாயம் சொல்லிட்டாரு. கனகம் போகலையா? கெளம்பி வாங்க" என்றார். பக்கத்து வீட்டு அழகியும், "போயிட்டு வாங்கக்கா, கனகம் மாதிரி ஒங்களையும் எல்லாரும் கையெடுத்துக் கும்புடுவாங்க" என்கிறாள். என் வாழ்க்கையில் நான் எடுத்த முடிவு செல்லாது, நீ எழுதியதுதான் செல்லுமாம்!

கையை நீட்டித் தழும்பைக் காட்டினேன். "கனகம் போகட்டும். நான் வரமாட்டேன். ஆளில்லைன்னா ஆஸ்பத்திரில சேருங்க" என்றேன். மலையாண்டி முகத்தைத் திருப்பிக்கொண்டார். அன்று அவரும் அந்த வீட்டில் இருந்தவர்தான். சுடர்விழி போய் கார்க் கதவைத் திறந்துவிட்டு நின்றாள்.

குடும்பம் ஒன்று சேர்ந்தால்தான் ஜனங்கள் பார்ப்பார்கள் என்று சேனலில் சொன்னார்களாம், நீயும் சரி என்றாயாம். சிவரஞ்சனிதான் சொன்னாள். இத்தனை வருஷம் எழுதியவனுக்கு முடியாது என்று ஒரு தடவை சொல்ல வாய் வரவில்லையா?

இன்னொன்றும் இருக்கிறது. கனகத்துக்கு நீ ஒரு தம்பியை வைக்கவில்லை. காலேஜை விட்டுவிட்டு கட்டுமாவடிக்கு பஸ் ஏறி வந்து, பிள்ளையை வாங்கித் தோளில் போட்டுக்கொண்டு, அத்தனை பேர் பார்க்க "அக்கா, நீ முன்னால நட" என்றானே ஒருத்தன். அவனை ஏன் விட்டுவிட்டாய்?

உனக்கு ஒரு குறையும் வரக்கூடாது. இன்னும் நிறைய எழுது. கனகம் இப்போது அந்த வீட்டில்தான் இருக்கிறாள். யாரையாவது அனுப்பி அவளைக் கூட்டிக்கொண்டு வந்துவிடு.

உன்மேல் என்றைக்கும் பாசம் குறையாத
அக்கா சுகுணா