வட்டம் போட்ட வார்த்தை

ஞாயிறு, 7 ஜூலை 1974

வெயில். ஒன்பது மணிக்கே கோயிலில் உட்கார முடியவில்லை. மூன்று மின்விசிறியில் ஒன்றுதான் ஓடியது, அதுவும் போதகர் தலைக்கு மேல்.

இன்று எங்கள் முதல் ஓலை. போதகர் சபை முன் படித்தார்: மோசஸ், எஸ்தர், இருவருக்கும் கல்யாணம் நிச்சயம், தடை ஏதும் தெரிந்தவர் சொல்லலாம். படித்துவிட்டு நிமிர்ந்து எல்லாரையும் ஒரு பார்வை. பின் வரிசையில் யாரோ இருமினார்கள். எனக்கு உயிர் போய் வந்தது. இன்னும் இரண்டு ஞாயிறு இரண்டு ஓலை. அப்புறம் கல்யாணம்.

வெளியே வந்ததும் மோசஸ், "அந்தாளு இருமுனதுல எனக்கு வேர்த்துக்கிச்சு எஸ்தரு," என்றார். சிரித்துவிட்டேன். அம்மா முறைத்தாள். "கோயிலாண்டயே இன்னாடி இளிப்பு?"

வாங்க வேண்டியது: பென்சில் 2, தேங்காய் எண்ணெய், அம்மாவுக்கு ஓமம், செருப்புக்கு வார்.

ஸ்டெனோ ஒருத்தி நாட்குறிப்பை இப்படி நீட்டி நீட்டி எழுதுவது வேடிக்கைதான். ஆனால் என் சுருக்கெழுத்தைப் படிக்கத் தெரிந்தவர் பொன்னேரியில் மோசஸ் ஒருவர். அம்மாவுக்கு எழுத்தே தெரியாது. மறைப்பதென்றால் மோசஸிடம்தான் மறைக்க வேண்டும். வீட்டிலேயே இருக்கும் நோட்டுக்குத் தமிழே பத்திரம்.

திங்கள், 8

பாசஞ்சர் இருபது நிமிடம் லேட். ஜன்னல் ஓரம் கிடைத்தது.

வழக்கம் போல மோசஸ் என் பயிற்சி நோட்டை வாங்கி உரக்கப் படித்தார். காலையில் ரேடியோ செய்தி கேட்டு நான் எழுதினது. ஒரே இன்ஸ்டிட்யூட்டில் ஒரே பெஞ்சில் படித்தோம். சுருக்கெழுத்து ஹையர் பரீட்சையில் எனக்கு வேகம் வந்தது, ஆபீஸுக்குப் போனேன். அவருக்கு வரவில்லை, அதே கம்பெனியில் கம்பி உருட்டும் ரோலிங் மில்லில் சுவிட்ச் போடும் வேலைக்குப் போனார். கைதான் மெதுவு. படிப்பதில் என்னைவிடக் கெட்டி.

ஓரிடத்தில் நிறுத்தி, "இந்த வார்த்த ரேடியோவுதா, உன்னுதா?" என்றார். வட்டம் போட்டிருந்தேன். சொல்பவர் சொல்லாமல் நாமாகப் போட்ட வார்த்தையைப் பென்சிலால் சுற்றிவிட வேண்டும், பிறகு சரிபார்க்க. இன்ஸ்டிட்யூட்டில் பழக்கிவிட்டது. இப்போது நான் நினைக்காமலே கை போட்டுவிடுகிறது.

"என்னுதுதான். காக்கா கத்துச்சு, கேக்கல."

"அதான பாத்தேன். ரேடியோகாரன் இவ்ளோ நல்லா பேசமாட்டான், டாக்கிம்மா."

டாக்கிம்மா. நான் திருவள்ளூரில் பரீட்சை எழுதின அன்று, துணைக்கு வந்தவர் லைப்ரரியில் உட்கார்ந்து பெரிய அகராதியில் பிடித்த வார்த்தை. டாக்கிகிராபி. அந்தச் சீட்டு இன்னும் என் பைபிளில் இருக்கிறது. அவர் கையெழுத்தில்:

1. வேகமாக எழுதுதல், சுருக்கெழுத்து. (அரிய வழக்கு)
2. முக்கியமாக, பழைய கிரேக்கர், ரோமர் காலத்துச் சுருக்கெழுத்து.
3. ஏடு நகல் எடுத்தவர்கள் இடம் மிச்சம் பிடிக்க எழுதிய முறிவெழுத்து.

பயன்பாடு என்று கீழே அவராகச் சேர்த்தது: "எஸ்தருக்கு டாக்கிகிராபி வரும். மோசஸுக்கு எஸ்தர் போதும்."

அன்று பஸ்ஸில் சொன்னார்: "ரோமாபுரில மொத மொத அடிமைங்கதான் இத்த எழுதுனாங்களாம். எசமான் பேசிக்கினே இருப்பான், இவன் எழுதிக்கினே இருப்பானாம்." அப்போ நானும் அடிமையா என்று சண்டை போட்டேன். சேவு வாங்கிக் கொடுத்துச் சமாதானம்.

நாளையிலிருந்து அவருக்கு செகண்ட் ஷிஃப்ட். வாரம் பூராவும் ரயிலில் தனியாகப் போக வேண்டும்.

புதன், 10

மேகமூட்டம். மழை இல்லை, புழுக்கம்தான்.

டிக்டேஷன் பதினோரு கடிதம். எழுதும்போது எனக்கு அர்த்தம் ஏறுவதில்லை. சத்தம் காதில் விழும், கோடு பேப்பரில் விழும். டைப் அடிக்கும்போதுதான் விஷயம் தெரியும். மற்ற ஸ்டெனோக்களும் இப்படித்தான் சொல்கிறார்கள்.

எட்டாவதில் மானேஜர் திணறினார். யாரோ தொழிலாளிக்குச் சார்ஜ் ஷீட், குற்றச்சாட்டுக் கடிதம். பெயர் டைம் ஆபீஸ் சீட்டில் வரும், இப்போதைக்கு 'மேற்படி தொழிலாளி'. மேற்படி தொழிலாளி மில்லை நிறுத்தினார், ரோலர் சேதம். அதற்கு மேல் ஓடவில்லை. விரலைச் சொடுக்கினார். "சப்புன்னு இருக்கேம்மா. ஸ்டாண்டிங் ஆர்டர்ஸ்ல வர்ற மாதிரி ஒரு வார்த்தை வேணும்."

கம்பெனி விதிகளான அந்த ஸ்டாண்டிங் ஆர்டர்ஸை நான் மூன்று தடவை டைப் அடித்தவள். பட்டென்று சொன்னேன், "வில்ஃபுல்லி, சார்." வேண்டுமென்றே.

"கரெக்ட்! எங்கம்மா கத்துக்கிட்டே இதெல்லாம்?"

ஆபீஸில் எல்லார் காதிலும் விழுந்தது. அம்மாவிடம் சொன்னேன். அம்மாவுக்குப் புரியவில்லை, ஆனாலும் வடை சுட்டாள்.

வியாழன், 11

எழுதவே கை வரவில்லை.

டைம் ஆபீஸ் சீட்டு பதினோரு மணிக்கு வந்தது. மேற்படி தொழிலாளி மோசஸ்.

சூப்பர்வைசர் ரிப்போர்ட்டும் கூட இருந்தது. செவ்வாய் செகண்ட் ஷிஃப்ட். ஹெல்ப்பர் ஏழுமலையின் துண்டு ரோலரில் சிக்கியதாகச் சொல்லி மோசஸ் மில்லை நிறுத்தினார். பழுக்கக் காய்ந்த கம்பி உள்ளேயே ஆறி இறுகி ரோலர் விரிசல். அவ்வளவுதான் ரிப்போர்ட்டில். வேண்டுமென்றே என்று எங்கும் இல்லை. கடிதத்தில் துண்டும் இல்லை, ஏழுமலையும் இல்லை.

ஸ்டாண்டிங் ஆர்டர்ஸில் வேண்டுமென்றே செய்த சேதத்துக்கு டிஸ்மிஸ். அந்த வார்த்தை இல்லாவிட்டால் நாலு நாள் சஸ்பெண்ட். எந்தப் பக்கம், எத்தனையாவது வரி என்பது வரை எனக்குத் தெரியும்.

அந்த வார்த்தையை விட்டுவிட்டு டைப் அடித்தேன். மானேஜர் ஒரு பார்வைதான் பார்த்தார். "நீ சொன்ன வார்த்தை எங்கம்மா? அதுதானே உயிர்நாடி." சிவப்பு மையில் எழுதித் திருப்பிக் கொடுத்தார். மறுபடி அடித்தேன், மூன்று கார்பன் வைத்து. ஒரு எழுத்துகூடப் பிசகவில்லை. அதுதான் தாங்கவில்லை.

ரோமாபுரி அடிமை எஜமான் சொன்னதை எழுதினான். நான் எஜமானுக்கே எடுத்துக் கொடுத்தேன்.

வெள்ளி, 12

மத்தியானம் சாப்பாட்டு நேரம். ஆபீஸ் நோட்டு கேட்டுக்கு வெளியே போகக் கூடாது என்பது உத்தரவு. முந்தானைக்குள் வைத்துக்கொண்டு போனேன்.

கேட்டுக்கு எதிரே டீக்கடை. மோசஸ் ஷிஃப்டுக்கு வந்துகொண்டிருந்தார். கடிதம் நாளைக்குக் கையில் கொடுப்பார்கள், அதற்கு முன்னால் அவருக்குத் தெரிய வேண்டும் என்ற ஒன்றுதான் என் மனதில். வாயால் சொல்ல முடியவில்லை. பக்கத்தைத் திறந்து நீட்டினேன்.

நின்றபடியே படித்தார். "போவட்டும் வுடு," என்றார் முதலில். "ஏழுமலை கை போயிருக்கும். அவனுக்கு ரெண்டு புள்ளைங்க. இந்தக் கம்பெனிக்காரனுக்கு அது எங்க தெரியப் போவுது."

அப்புறம் விரல் ஓரிடத்தில் நின்றது.

வட்டம். நான் போட்டதே எனக்கு நினைவில் இல்லை. கை போட்டிருக்கிறது.

"இது மானேஜரு வார்த்த இல்லியா?"

பக்கத்தைத் திருப்பப் போனேன். அவர் விரலை எடுக்கவில்லை.

"எஸ்தரு. இது உன்னுதா?"

"உங்க பேரு அதுல இல்லீங்க. சத்தியமா எனக்குத் தெரியாது."

"என் பேரு இல்ல. சரி. வேற எவன் பேரோ இருந்தா பரவால்லியா?"

சங்கு ஊதியது. நோட்டை மூடித் தன் சட்டைக்குள் செருகிக்கொண்டு உள்ளே போனார். டீ அப்படியே இருந்தது.

கேட்டது நியாயம். புதன்கிழமை ராத்திரி நான் வடை தின்றேன்.

சனி, 13

அரை நாள். கடிதம் கொடுத்தார்கள். கையெழுத்துப் போட்டு வாங்கினாராம். விசாரணை 24-ந் தேதி, புதன். அதுவரை சஸ்பெண்ட்.

ஏழுமலையை வழியில் பார்த்தேன். பத்து விரலும் இருந்தது. கும்பிட்டான். "அண்ணன் இல்லாங்காட்டி நான் இல்ல தங்கச்சி."

ஞாயிறு, 14

இரண்டாம் ஓலை. மோசஸ் வரவில்லை. போதகர் தடை உண்டா என்று கேட்டு நிமிர்ந்தார். எழுந்து நின்று 'நான்தான் தடை' என்று சொல்லத் தோன்றியது. அம்மா என் கையைப் பிடித்திருந்தாள், ஜுரமா என்று கேட்டாள்.

சாப்பிடவில்லை.

செவ்வாய், 16

தூறல். குடை ஆபீஸில், நான் ரயிலில்.

யூனியன் செயலாளர் ஸ்டேஷனில் நிறுத்தினார். "சூப்பர்வைசரு ரிப்போர்ட்ல அந்த வார்த்த இல்லம்மா. சார்ஜ் ஷீட்ல மட்டும் எங்கேந்து வந்துச்சு? ஆபீஸ்ல ஒக்காந்து சேத்தாங்கன்னு எழுத்துல ஒரு அத்தாட்சி கெடச்சா ஆளு தப்பிச்சுக்குவான். உனக்கு ஏதாச்சும் தெரியுமா?"

தெரியாது என்றேன்.

அத்தாட்சி மோசஸ் சட்டைக்குள் போயிருக்கிறது. அந்த வட்டத்தைக் காட்டினால் அவர் வேலை நிலைக்கும், என் வேலை போகும். நோட்டை வெளியே கொண்டுபோனதற்கே போகும். எங்கள் வீட்டில் வயல் சேற்றில் இறங்காமல் சம்பாதிக்கும் முதல் பெண் நான். பயந்தேன். வேறு காரணம் எதுவும் எழுதி ஏமாற்றப் போவதில்லை. பயந்தேன்.

வியாழன், 18

மானேஜர்: "போன வாரம் புதன்கிழமை டிக்டேஷன் எடுத்த நோட்டு எங்கே?"

"வீட்ல இருக்கு சார். தெரியாம எடுத்துக்கிட்டுப் போயிட்டேன்."

"திங்கட்கிழமை என் மேஜை மேல இருக்கணும்." அம்மா என்று சேர்க்கவில்லை.

மோசஸ் வீட்டுத் தெரு வழியாக இரண்டு தடவை நடந்தேன். கதவு சாத்தியிருந்தது. அவர் காட்டட்டும், யூனியனிடம் கொடுக்கட்டும், என் வேலை போகட்டும் என்று நடக்கும்போது தைரியமாக இருந்தது. வீட்டுக்கு வந்ததும் காணோம்.

தலைவலித் தைலம் தீர்ந்துவிட்டது.

சனி, 20

மழை விட்டு வெயில்.

மோசஸின் அம்மா வந்தார்கள். உட்காரவில்லை. நியூஸ் பேப்பரில் சுற்றி நோட்டைக் கொடுத்தார்கள். "உம் பொருளு, உங்கையில குடுத்துடச் சொன்னான்."

"அவரு எங்க அத்தை?"

"கூடூரு பக்கம் போய்க்கினான். காலைல வண்டி ஏறிட்டான். எதோ சுண்ணாம்புக் காளவாயில வேலயாம். விசாரணைக்கு வரமாட்டானாம். யூனியன்காரு வந்து எவ்ளோ கேட்டாரு, எங்கிட்ட ஒண்ணும் இல்லன்ட்டான்."

அம்மா அழ ஆரம்பித்தாள். "ஓலை?"

"போதகராண்ட சொல்ட்டான், படிக்க வாணாம்னு." அப்புறம் என்னைப் பார்த்து, மெதுவாக: "கோவம் இல்லியாம்மா உம்மேல. உங்கையப் பாத்தா அந்த நெனப்புதான் வருமாம். அத்த வெச்சிக்கினு எப்டிம்மா குடும்பம் பண்றதுன்னு கேக்கறான். நான் இன்னா சொல்வேன்?"

அவர்கள் போனபின் பக்கத்தைத் திறந்தேன்.

வார்த்தை இருந்தது. வட்டம் இல்லை. ரப்பர் போட்டு அழித்திருக்கிறார். அவசரமில்லாமல், பக்கத்துக் கோடு ஒன்றுகூடக் கலையாமல், சுற்றி வந்திருக்கிறார். பேப்பர் அந்த இடத்தில் மட்டும் மெலிந்து, வெளிச்சத்தில் பிடித்தால் தெரிகிறது. தன்னைக் காப்பாற்றக் கூடிய ஒரே அத்தாட்சி. அதை என் பேர் வெளியே வராமல் இருக்க அழித்துவிட்டு ரயில் ஏறிவிட்டார்.

என்னைத் திட்டியிருக்கலாம். நாலு பேர் முன்னால் அறைந்திருக்கலாம். இதை நான் எப்படித் தாங்குவேன்?

ஞாயிறு, 21

மூன்றாம் ஓலை நாள். போதகர் வேறொரு ஜோடியின் பெயரைப் படித்தார். தடை உண்டா என்று கேட்டார். யாரும் இருமவில்லை.

பைபிளில் அந்தச் சீட்டு. பயன்பாட்டு வரியை எத்தனை தடவை படித்தேனோ. மோசஸுக்கு எஸ்தர் போதும்.

அம்மா: "அழுதுடுடி. அடக்கிக்கினு கெடக்காத." அழுதேன்.

திங்கள், 22

விடியும்போதே தூறல்.

பென்சில் சீவினேன். அப்புறம் அதை வைத்துவிட்டு பேனாவில் மை ஊற்றினேன். அவர் அழித்த தடத்தின் மேலேயே, மெலிந்த பேப்பர் கிழியாமல், மெதுவாக, வட்டம். பக்கத்தில் முழு எழுத்தில்: 'இது மானேஜர் சொன்னதல்ல. நான் சொன்னது.' கையெழுத்து, தேதி.

மை காய நேரம் ஆனது. அம்மா இட்லி வைத்திருக்கிறாள், சாப்பிட நேரமில்லை. மானேஜர் மேஜைக்கு அப்புறம். முதலில் யூனியன் செயலாளர் வீடு, கவரைப்பேட்டையில் இறங்க வேண்டும். புதன்கிழமை விசாரணையில் மோசஸ் வராவிட்டாலும் இந்த நோட்டு வரும், நானும் வருவேன்.

பாசஞ்சர் இன்று சரியான நேரத்துக்கு வந்துவிட்டது போலிருக்கிறது, ஊதுகிறான்