சிரிப்பு அடங்கும் வரை

மர்பி டவுன், பெங்களூர்
கார்த்திகை மாதம், 1959

சிரஞ்சீவி சின்னப்பாவுக்கு உன் ஆயா முத்தம்மா ஆசீர்வாதம் செய்து எழுதிக்கொண்டது. இங்கே எல்லோரும் சுகம். மழை விட்டுப் பனி இறங்கிவிட்டது. கூரையில் உடைந்த ஓட்டை மாற்றியாயிற்று. உன் மாமன் எட்டிப் பார்க்கவில்லை. அதையும் மனதில் வைத்திருக்கிறேன்.

அல்சூர் கொட்டகையில் நீயும் கிருஷ்ணப்பாவும் நடித்த படம் பார்த்தேன். பெண்கள் பெஞ்சில் வேறு இடமில்லை. கிருஷ்ணப்பாவின் அம்மா சந்திரம்மா பக்கத்தில் உட்கார வேண்டியதாயிற்று. உன் அம்மா கல்யாணத்தில், பந்தி நடுவே, இது குழம்பா கை கழுவுற தண்ணியா என்று கேட்டவள். அன்றோடு அவளிடம் பேச்சை விட்டவள் நான்.

திரையில் நீ வந்து வாய் திறந்ததும் கொட்டகையே சிரித்தது. அது அடங்குவதற்குள் அடுத்ததைச் சொல்லிவிட்டாய். ஒருத்தர் காதிலும் விழவில்லை. சந்திரம்மா என் தோளைத் தட்டி, என்னக்கா சொன்னான் உம் பேரன் என்றாள். எனக்கும் கேக்கலடி என்றேன். இத்தனை வருஷ வைராக்கியம் அப்படிப் போயிற்று. படம் முடியும் வரை இதே கதைதான்.

மாரியம்மன் கோயில் மேடையில் இப்படி நடந்ததுண்டா? நீ ஒன்று சொல்வாய். கிருஷ்ணப்பா காதைச் சொறிந்துகொண்டு நிற்பான். சனம் சிரித்து ஓய்ந்த பிறகு, உம், அப்புறம் என்பான். அதற்கு மேல்தான் நீ பேசுவாய். படத்தில் அவன் காதைச் சொறிவதையெல்லாம் வெட்டிவிட்டார்கள்.

அவன் சும்மா நிற்கிறான், அடுத்த படத்துக்கு நீ மட்டும் போதும் என்று படக்காரர்கள் சொல்கிறார்கள், பொங்கலுக்குள் கையெழுத்துப் போடவேண்டும் என்று எழுதியிருந்தாய். என்னைக் கேட்கிறாயா, சொல்லிவிட்டுப் போகிறாயா, தெரியவில்லை. அவன் ஊருக்கு வந்ததிலிருந்து வயிற்றுவலி என்று படுத்தே கிடந்தான். உன்னைப் பற்றி ஒரு குறை சொல்லவில்லை. நானாக இருந்தால் ஊரைக் கூட்டியிருப்பேன்.

குழம்பை நான் மறக்கவில்லை. செத்தாலும் மறக்கமாட்டேன். அது வேறு.

இதைத் தபாலில் போடவில்லை. கிருஷ்ணப்பாவை ரயிலேற்றி அவன் கையிலேயே கொடுத்தனுப்புகிறேன். கூடவே முறுக்கு. சந்திரம்மா சுட்டது, உப்பு தூக்கலாகத்தான் இருக்கும். நீ படித்து முடிக்கும் வரை அவன் வாசலில் காதைச் சொறிந்துகொண்டு நிற்பான். உள்ளே கூப்பிடு.

இரண்டு பேரும் ஆயுசோடு இருங்கள்.

உன் ஆயா
முத்தம்மா